அபிமானமும் மனிதாபிமானமும்: ஆட்ரி ஹெப்பர்னின் முகத்தை வாசித்தல்

1

ரோலன் பார்த்தின் 'தொன்மவியல்கள்' 1957இல் வெளிவந்தது. சலவைத்தூள், மல்யுத்தம், மாட்டிறைச்சி, புதிதாக வந்த சித்ரோயன் கார் என்று பிரெஞ்சு நடுத்தர வர்க்கத்தின் அன்றாடத்தில் புழங்கிய சாமான்களையும் காட்சிகளையும் எடுத்துக்கொண்டு, வெகு இயல்பாகத் தோன்றும் ஒவ்வொன்றும் எப்படித் தன் வரலாற்றை மறைத்துக்கொண்டு நிற்கிறது என்று பிரித்துக் காட்டிய கட்டுரைகள் அவை. அவற்றில் இரண்டை நான் சேர்த்து வாசிக்க விரும்புகிறேன். ஒன்று, கிரேட்டா கார்போவின் முகம் பற்றியது. கார்போவின் முகத்தை ஒரு கருத்துருவமாகவும், அன்றைக்குப் புதிதாக வந்திருந்த ஆட்ரி ஹெப்பர்னின் முகத்தை ஒரு நிகழ்வாகவும் எதிரெதிரே நிறுத்துகிறார் பார்த். மற்றது, பிரான்சின் வீடற்றவர்களுக்காக வேலைசெய்த அபே பியர் என்ற பாதிரியாரின் தோற்றம் பற்றியது. அவருடைய தாடியும் முடிவெட்டும் எப்படிப் புனிதத்தின் குறிகளாகின்றன என்று விளக்கிவிட்டு, கடைசியில் ஒரு சந்தேகத்தைக் கிளப்புகிறார். தருமத்தின் அடையாளங்களை ஆசையோடு நுகர்கிற ஒரு சமூகம், நீதி என்கிற காரியத்தைக் கைகழுவுவதற்கான சாக்காக அவற்றை வைத்துக்கொள்கிறதோ என்பதுதான் அந்தச் சந்தேகம்.

ஒரே புத்தகத்தில் இருந்தாலும் இந்த இரண்டு கட்டுரைகளும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளவில்லை. முப்பது வருஷம் கழித்து அவை சந்தித்தன. 1988 மார்ச்சில், யூனிசெஃபின் நல்லெண்ணத் தூதராக ஆட்ரி ஹெப்பர்ன் எத்தியோப்பியாவின் மெகெல்லே நகரில் ஓர் அநாதை இல்லத்துக்குள் நுழைந்தார். பின்னால் காமிராக்கள். 'நிகழ்வு' என்று பார்த் சொன்ன அந்த முகம், அபே பியரின் தாடி இருந்த இடத்துக்கு வந்து சேர்ந்தது. பார்த் 1980இலேயே இறந்துவிட்டதால், எழுதப்பட்டிருக்க வேண்டிய மூன்றாவது கட்டுரை எழுதப்படவில்லை.

அதை எழுத முயல்கிறவனுக்குத் தமிழ் ஒரு வசதி செய்து கொடுத்திருக்கிறது. 'அபிமான நட்சத்திரம்' என்கிறோம். 'மனிதாபிமானம்' என்றும் சொல்கிறோம். இரண்டிலும் இருப்பது ஒரே அபிமானம்தான். பற்று, பிரியம், தன்னுடையது என்கிற பெருமை எல்லாம் கலந்த சொல் அது. தூரத்தில் வெளிச்சத்தில் இருக்கிற ஒருவர்மேல் வைக்கிற அபிமானத்தை, தூரத்தில் இருட்டில் இருக்கிற இன்னொருவர்மேல் திருப்பிவிட முடியுமா? முடியும் என்ற நம்பிக்கையில்தான் நல்லெண்ணத் தூதர் என்கிற பதவியே நிற்கிறது. அப்படித் திருப்பும்போது என்னென்ன வந்து சேர்கிறது, என்னென்ன வழியில் சிந்திவிடுகிறது என்பதுதான் என் கேள்வி.

2

முதலில் அந்த முகம் எப்படித் தயாரானது என்று பார்த்துவிடலாம். 1953இல் வில்லியம் வைலரின் 'ரோமன் ஹாலிடே'. முதல் பெரிய வேடம், அதற்கே சிறந்த நடிகைக்கான ஆஸ்கர். பிறகு 'சப்ரினா' (1954), 'ஃபன்னி ஃபேஸ்' (1957), 'தி நன்ஸ் ஸ்டோரி' (1959), 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபானிஸ்' (1961), 'மை ஃபேர் லேடி' (1964), 'வெய்ட் அன்டில் டார்க்' (1967). அதன்பிறகு நீண்ட இடைவெளி, 1976இல் 'ராபின் அண்ட் மேரியன்', கடைசியாக ஸ்பீல்பெர்க்கின் 'ஆல்வேஸ்' (1989) படத்தில் வெள்ளை உடையில் ஒரு தேவதைபோன்ற சிறுவேடம். சுமார் பதினைந்து வருஷ உச்சம். அவ்வளவுதான் அந்தத் திரைவாழ்க்கை.

இந்தப் படங்களைத் தொடர்ச்சியாக வாசித்தால் ஒரே கதையாடல் திரும்பத்திரும்ப வருவது தெரியும்: யாரோ ஒருத்தி வேறு யாரோவாக மாற்றப்படுகிறாள். கார் ஓட்டியின் மகள் பாரிஸ் போய்ச் சீமாட்டியாகத் திரும்புகிறாள். பூக்காரி எலைசாவுக்கு மொழியியல் பேராசிரியர் உச்சரிப்புச் சொல்லிக்கொடுத்து மேல்வர்க்கப் பெண்ணாக்குகிறார். டெக்சாஸ் கிராமத்தில் சிறுவயதிலேயே கல்யாணமான பெண், நியூயார்க்கில் ஹாலி கோலைட்லியாக உலவுகிறாள். 'ஃபன்னி ஃபேஸ்' இன்னும் வேடிக்கை. புத்தகக்கடையில் வேலைபார்க்கும் அறிவுஜீவிப் பெண், பிறரின் உணர்வுக்குள் தன்னை வைத்துப் பார்க்கும் 'எம்பதிகலிசம்' என்கிற தத்துவத்தில் நம்பிக்கை உள்ளவள். இருத்தலியத்தைக் கேலிசெய்வதற்காகப் படக்காரர்கள் இட்டுக்கட்டிய பெயர் அது. பரிவைத் தத்துவமாகப் பேசும் அவளை ஒரு போட்டோக்காரர் பாரிஸுக்குக் கூட்டிப்போய் மாடலாக்குகிறார். பரிவு அங்கே நகைச்சுவைப் பொருள். முப்பது வருஷத்தில் அதே பரிவு அதே நடிகையின் அடையாளமாகப்போகிறது.

இந்த உருமாற்றக் கதைகளில் யார் பேசுகிறார்கள் என்பதும் கவனிக்க வேண்டியது. 'மை ஃபேர் லேடி'யில் எலைசாவின் பாட்டுகளில் பெரும்பகுதியைப் பாடியது மார்னி நிக்சன். திரையில் அவர் பெயர் இல்லை. ஒருத்திக்குக் குரல் கற்றுக்கொடுக்கும் கதையில், கற்றுக்கொண்ட குரலே இன்னொருத்தியுடையது. 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபானிஸ்' படத்தில் மாடிவீட்டு ஜப்பானியராக மிக்கி ரூனி பல்லைத் துருத்திக்கொண்டு செய்யும் கோமாளித்தனத்தை இன்று பார்க்கச் சகிக்கவில்லை. நளினமான வெள்ளை முகம் ஒன்று மிளிர்வதற்கு, பக்கத்திலேயே விகாரமாக்கப்பட்ட மற்றமை ஒன்று தேவைப்பட்டிருக்கிறது.

'தி நன்ஸ் ஸ்டோரி'யை இங்கே தனியாகப் பேச வேண்டும். ஹெப்பர்னின் நடிப்பில் மிகக் கடினமானதும் சிறந்ததும் அதுதான் என்பது என் கருத்து. பெல்ஜியக் கன்னியாஸ்திரீ லூக்கா, காங்கோவில் செவிலியாக வேலை செய்யப்போகிறாள். முக்காடு மூடியது போக எஞ்சிய முகத்தை மட்டும் வைத்துக்கொண்டு கீழ்ப்படிதலுக்கும் மனசாட்சிக்கும் இடையிலான போராட்டத்தை நடிக்கிறார். படத்தின் ஒரு பகுதி பெல்ஜியக் காங்கோவின் ஸ்டான்லிவில் பகுதியில் 1958இல் எடுக்கப்பட்டது. அதே ஸ்டான்லிவில்லில் தபால் நிலைய ஊழியராக இருந்தவர் பாட்ரிஸ் லுமும்பா. 1960 ஜூன் 30இல் காங்கோ விடுதலை பெற்றது. 1961 ஜனவரியில் லுமும்பா கொல்லப்பட்டார். படத்தின் காங்கோவில் இதற்கான ஓர் அசைவுகூட இல்லை. நோயாளிகள் இருக்கிறார்கள், நன்றியுள்ள பணியாளர்கள் இருக்கிறார்கள், அரசியல் மனிதர்கள் ஒருவர்கூட இல்லை. ஆப்பிரிக்கா என்பது வெள்ளை மனசாட்சி தன்னைச் சோதித்துக்கொள்ளும் இடமாக இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால் இதே கதாபாத்திரம் கடைசியில் மடத்தைவிட்டு வெளியேறுவதற்குக் காரணம் அரசியல்தான். தன் தகப்பனாரைக் கொன்ற நாஜிகளை அவளால் மன்னிக்க முடியவில்லை. ஐரோப்பாவில் நடுநிலைமை அறமற்றதாகிவிடுகிறது. காங்கோவில் அந்தக் கேள்வியே எழுவதில்லை.

3

இனி பசி. ஆட்ரி ஹெப்பர்னின் வாழ்க்கைக் கதையைச் சொல்கிற எல்லோரும் ஒரு கண்ணியைப் போட்டுத்தான் முடிப்பார்கள்: குழந்தையாக இருந்தபோது பட்டினி கிடந்தார், எனவே பட்டினிக் குழந்தைகளுக்காக உழைத்தார். இந்த 'எனவே' சரியா?

1929 மே 4இல் பிரஸ்ஸல்ஸில் பிறந்தவர். அம்மா டச்சுப் பிரபு குடும்பத்துப் பெண். அப்பா, அம்மா இருவரும் 1930களின் நடுவில் பிரிட்டிஷ் பாசிச இயக்கத்தின் ஆதரவாளர்கள். நட்சத்திர வாழ்க்கையின்போது வெளியே வராத விஷயம் இது. அப்பா 1935இல் குடும்பத்தை விட்டுப் போனார். போர்க்காலத்தில் ஆட்ரி நெதர்லாந்தின் ஆர்னெம் நகரிலும் அதையடுத்த வெல்ப் என்ற ஊரிலும் இருந்தார். 1942இல் அவருடைய பெரியம்மாவின் கணவரைப் பணயக்கைதியாகப் பிடித்திருந்த ஜெர்மானியர்கள் சுட்டுக்கொன்றார்கள். எதிர்ப்பு இயக்கத்துக்குப் பணம் திரட்டுவதற்காக ஜன்னல்களை மூடிவைத்து நடத்தப்பட்ட ரகசிய நிகழ்ச்சிகளில் இவர் நடனமாடியிருக்கிறார். கைதட்டினால் வெளியே கேட்டுவிடும் என்பதால் பார்வையாளர்கள் கைதட்டுவதில்லை.

1944-45 குளிர்காலத்தில் வந்தது பஞ்சம். மழை பொய்த்ததால் வந்ததல்ல. நேசநாட்டுப் படைகளுக்கு உதவியாக 1944 செப்டம்பரில் டச்சு ரயில்வே தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அதற்குப் பதிலடியாக ஜெர்மன் நிர்வாகம் உணவுப் போக்குவரத்தைத் தடுத்தது. சுமார் 20,000 பேர் செத்தார்கள். டுலிப் கிழங்கைத் தின்றார்கள். பதினைந்து வயசு ஆட்ரிக்கு ரத்தசோகை, வீக்கம். ஆக, அவர் அனுபவித்த பசி முழுக்கமுழுக்க அரசியல் பசி. ஓர் ஆக்கிரமிப்பு ராணுவம் தன்னை எதிர்த்தவர்கள்மேல் ஏவிய ஆயுதம். அந்தப் பசி தீர்ந்தது முதலில் தருமத்தால் அல்ல. 1945 ஏப்ரலில் வெல்ப் விடுவிக்கப்பட்டதால். நிவாரணம் அதற்குப் பிறகு வந்தது.

அந்த நிவாரணத்தைப் பற்றியும் ஒரு சிறு திருத்தம் உண்டு. போர் முடிந்ததும் யூனிசெஃப் தந்த உணவையும் மருந்தையும் பெற்ற குழந்தைகளில் தானும் ஒருத்தி என்கிற பொருளில் அவர் பின்னாளில் பேசிவந்தார். யூனிசெஃப் நிறுவப்பட்டது 1946 டிசம்பரில். 1945இல் ஐரோப்பாவில் நிவாரணம் கொடுத்துக்கொண்டிருந்தது 'அன்ரா' எனப்பட்ட முந்தைய அமைப்பு. அதன் மிச்சத்திலிருந்துதான் யூனிசெஃப் உருவானது. எனவே இதைப் பொய் என்று நான் சொல்லவில்லை. நன்றிக்கடன் ஒரு வட்டமாகப் பூர்த்தியாக வேண்டும் என்று கதையாடல் கேட்கிறது, தேதிகள் அதற்கு இடம்கொடுத்து நகர்ந்துகொள்கின்றன. தொன்மம் வேலைசெய்கிற விதமே இதுதான். போரும் வேலைநிறுத்தமும் பழிவாங்கலும் பின்னால் போய், 'பசித்த சிறுமி' மட்டும் முன்னால் நிற்கிறாள்.

இதற்கு மாறாக இன்னொரு தகவல். ஆன் ஃபிராங்க் பிறந்தது 1929 ஜூன் 12இல். ஆட்ரியைவிட ஐந்து வாரம் இளையவர். அவருடைய நாட்குறிப்பு படமானபோது அந்த வேடத்தில் நடிக்கக் கேட்டார்கள். ஹெப்பர்ன் மறுத்துவிட்டார். 1990இல் யூனிசெஃபுக்காக மேடையில், மைக்கேல் டில்சன் தாமஸின் இசையோடு, அந்த நாட்குறிப்பின் பகுதிகளை வாசிக்க மட்டும் சம்மதித்தார். நடிக்கமாட்டேன், வாசிக்கிறேன். செத்துப்போன ஒருத்தியின் இடத்தில் ஏறி உட்காராமல் அவள் சொற்களுக்குப் பக்கத்தில் நிற்பது. பிரதிநிதித்துவம் பற்றி நாம் பக்கம்பக்கமாக எழுதுவதை இந்த ஒரு மறுப்பு சுருக்கமாகச் சொல்லிவிடுகிறது.

4

யூனிசெஃபுக்கு நட்சத்திரம் எதற்கு? இதற்குப் பதில் மனித மனத்தில் இல்லை, கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது. ஐ.நா.வின் பொது நிதியத்துக்கு உறுப்பு நாடுகள் கட்டாயமாகக் கட்டும் சந்தாவிலிருந்து யூனிசெஃபுக்குப் பங்கு வருவதில்லை. அரசுகளும் தனிமனிதர்களும் விரும்பிக் கொடுப்பதுதான் அதன் வருமானம். வாழ்த்து அட்டைகள் விற்றார்கள். 1954இல் நகைச்சுவை நடிகர் டேனி கேயைத் தூதராக்கி ஆசிய நாடுகளுக்குக் கூட்டிப்போய்ப் படமெடுத்தார்கள். பிறகு பீட்டர் உஸ்தினோவ், லிவ் உல்மன். நல்லெண்ணம் என்பது இங்கே உணர்ச்சி மட்டுமல்ல, மூலதனம். திரையில் சேர்த்துவைத்த அபிமானத்தை நன்கொடையாக மாற்றித் தருகிற இடம் அது. இதில் கேவலம் ஒன்றுமில்லை. ஆனால் இது எப்படி ஓடுகிறது என்று தெரிந்துகொள்ளாமல் 'தேவதை' என்று கும்பிடுவதும், 'விளம்பரம்' என்று துப்புவதும் ஒரே சோம்பேறித்தனத்தின் இரண்டு பக்கங்கள்.

1988இலிருந்து 1992 வரை அவர் போன இடங்கள்: எத்தியோப்பியா, துருக்கி, வெனிசுவேலா, எக்வடோர், குவாத்தமாலா, ஹோண்டுராஸ், எல் சால்வடோர், சூடான், வங்காளதேசம், வியட்நாம், சோமாலியா. 1989 ஏப்ரலில் அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன்னால் பட்டினி குறித்துப் பேசினார். சோமாலியாவிலிருந்து திரும்பிய நான்கு மாதத்தில், 1993 ஜனவரி 20இல், புற்றுநோயால் சுவிட்சர்லாந்தில் காலமானார். வயது 63. இந்த ஐந்து வருஷ உழைப்பை லேசாகப் பேச எனக்கு உரிமையில்லை. அறுபதை எட்டிய ஒரு பெண்மணி, தனக்கு எந்தத் தேவையும் இல்லாதபோது, பெட்டியைத் தூக்கிக்கொண்டு போர்முனைகளுக்குப் போயிருக்கிறார்.

இனி உடையைப் பார்க்கலாம். ழிவான்ஷியின் கறுப்பு கவுன் போய்விட்டது. சாதாரணக் காலர் சட்டை, பின்னால் இழுத்துக் கட்டிய முடி, மறைக்கப்படாத சுருக்கங்கள். பார்த் அபே பியரின் தாடியில் வாசித்த அதே 'அலங்காரமின்மை என்னும் அலங்காரம்'. எளிமை இங்கே ஒரு குறிப்பான். ஆனால் அந்தக் குறிப்பானுக்கு அர்த்தம் கிடைப்பது பழைய கறுப்பு கவுனோடு ஒப்பிட்டுப் பார்க்கும்போதுதான். அந்தக் கவுனும் கடைசியில் இந்தச் சுற்றோட்டத்துக்குள் வந்து சேர்ந்தது. 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபானிஸ்' படத்துக்காகத் தைக்கப்பட்டவற்றில் ஒன்று 2006 டிசம்பரில் லண்டனில் ஏலம் போனது: சுமார் 4 லட்சத்து 67 ஆயிரம் பவுண்டு. பணம் வங்காளத்து ஏழைகளுக்காக டொமினிக் லாபியர் நடத்திய அறக்கட்டளைக்குப் போனது. பண்டம் பிம்பமாகி, பிம்பம் தருமமாகி, தருமம் பள்ளிக்கூடமாகிறது. மார்க்ஸ் பார்த்திருந்தால் சிரித்திருப்பார், ஆனால் பள்ளிக்கூடத்தை மூடச் சொல்லியிருக்கமாட்டார்.

5

'பசிச்ச குழந்தைக்குச் சோறு போடறதுல என்னங்க அரசியல்?' இந்தக் கேள்வியை நாம் எல்லோரும் கேட்டிருக்கிறோம். ஹெப்பர்னின் நிலைப்பாடும் ஏறக்குறைய இதுவே. குழந்தைகளைக் காப்பாற்றுவதற்கும் அரசியலுக்கும் சம்பந்தமில்லை, உதவியை அரசியலாக்குவதற்குப் பதிலாக அரசியலை மனிதத்தன்மை உள்ளதாக்க வேண்டும் என்று சொல்லிவந்தார். 'மூன்றாம் உலகம்' என்ற சொல் தனக்குப் பிடிக்காது, நாம் எல்லோரும் ஒரே உலகம் என்றும் சொன்னார். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் 'மூன்றாம் உலகம்' வசைச்சொல்லாகப் பிறந்ததல்ல. 1952இல் ஆல்ஃபிரட் சோவி அதை உருவாக்கியபோது பிரெஞ்சுப் புரட்சியின் மூன்றாம் வகுப்பாரை மனதில் வைத்திருந்தார்: இதுவரை ஒன்றுமில்லாதவராக இருந்து, ஏதாவது ஆக விரும்புகிறவர்கள். 1955 பாண்டுங் மாநாட்டுக்குப் பிறகு அது ஓர் அரசியல் தன்னிலையின் பெயரானது. அந்தப் பெயரை அன்பினால் அழிக்கும்போது, கோரிக்கை வைக்கிறவர் மறைந்து, கையேந்துகிறவர் மட்டும் மிஞ்சுகிறார்.

மெகெல்லேயையே எடுத்துக்கொள்வோம். திக்ரே மாகாணத்தின் தலைநகர். 1983-85 பஞ்சத்தின் மையங்களில் ஒன்று. திக்ரே விடுதலைப் போராளிகளுக்கு எதிராக மெங்கிஸ்டு அரசு நடத்திய போரில் பயிர், சந்தை, போக்குவரத்து எல்லாமே தாக்குதல் இலக்குகள். அந்த அரசின் கட்டாயக் குடிபெயர்ப்பைக் கண்டித்ததற்காக 'எல்லைகளற்ற மருத்துவர்கள்' அமைப்பின் பிரெஞ்சுப் பிரிவு 1985இல் வெளியேற்றப்பட்டது. ஹெப்பர்ன் போனது 1988 மார்ச். அடுத்த மாதமே வெளிநாட்டு நிவாரண ஊழியர்களைத் திக்ரேயிலிருந்தும் எரித்ரியாவிலிருந்தும் வெளியேறச் சொன்னது அரசு. ஜூன் 22இல் அதே மாகாணத்தின் ஹவ்சேன் ஊர்ச் சந்தைமேல் அரசு விமானங்கள் குண்டு போட்டன. செத்தவர்கள் சுமார் 2500 பேர் என்கிறார்கள். மார்ச் மாதத்துப் படங்கள் உலகமெங்கும் போயின. ஜூன் மாதத்துச் சந்தைக்கு நட்சத்திரங்கள் யாரும் வரவில்லை. பசித்த குழந்தையின் படத்தில் வறட்சி தெரியும், விமானம் தெரியாது. பஞ்சம் உணவுப் பற்றாக்குறையால் மட்டும் வருவதில்லை, உணவைப் பெறும் உரிமை இழக்கப்படுவதால் வருகிறது என்று அமர்த்திய சென் 1981இலேயே எழுதிவிட்டார். அந்த உரிமையைப் படம் பிடிக்க முடியாது. இது காமிராவின் எல்லை மட்டுமல்ல, மனிதாபிமானச் சொல்லாடலின் எல்லை.

இன்னொரு ஒப்பீடு. ஜேன் ஃபோண்டா 1972 ஜூலையில் ஹனோய் போனார். அமெரிக்கக் குண்டுவீச்சைக் கண்டித்தார், விமான எதிர்ப்புப் பீரங்கியின்மேல் உட்கார்ந்து படமெடுத்துக்கொண்டார். இன்றுவரை அவரைத் துரோகி என்பவர்கள் அமெரிக்காவில் உண்டு. ஆட்ரி ஹெப்பர்ன் 1990 அக்டோபரில் அதே நாட்டுக்குப் போனார், தடுப்பூசிக்காகவும் குடிநீருக்காகவும். அப்போது வியட்நாம்மேல் அமெரிக்கப் பொருளாதாரத் தடை இருந்தது, 1994 வரை நீடித்தது. இவரைத் துரோகி என்று ஒருவரும் சொல்லவில்லை. 1992 டிசம்பரில் அமெரிக்க ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கமே கிடைத்தது. குண்டு போட்டவரைக் குறிப்பிட்டுச் சொன்னால் அது 'அரசியல்'. குண்டு விழுந்த இடத்துக் குழந்தையைத் தூக்கினால் 'மனிதாபிமானம்'. இந்தக் கோட்டை யார் போடுகிறார்கள்? 2023 நவம்பரில் நியூயார்க்கில் பாலஸ்தீன ஆதரவுக் கூட்டத்தில் பேசியதற்குப் பிறகு சூசன் சரண்டனை அவருடைய முகவர் நிறுவனம் விலக்கியது. கோடு இன்னும் அழியவில்லை.

இந்தக் கோடு 'ரோமன் ஹாலிடே'யின் உள்ளேயே இருந்தது. அந்தக் கதையை எழுதியவர் டால்டன் ட்ரம்போ. கம்யூனிஸ்டா என்று கேட்ட நாடாளுமன்றக் குழுவுக்குப் பதில்சொல்ல மறுத்துச் சிறைக்குப் போனவர், கறுப்புப் பட்டியலில் இருந்தவர். திரையில் வேறொரு நண்பரின் பெயர் வந்தது, கதைக்கான ஆஸ்கரும் அந்தப் பெயருக்கே போனது. 1993 மார்ச்சில் ஹாலிவுட் ஹெப்பர்னுக்கு, இறந்தபிறகு, மனிதாபிமான விருது கொடுத்தது. அதே வருஷம் மே மாதத்தில் ட்ரம்போவின் மனைவியிடம், நாற்பது வருஷத் தாமதமாக, அந்தப் பழைய ஆஸ்கரைக் கொடுத்தது. ட்ரம்போ செத்து 17 வருஷமாகியிருந்தது.

6

இவ்வளவும் சொல்லிவிட்டு, மறுபக்கத்தைச் சொல்லாவிட்டால் இது நேர்மையான வாசிப்பாகாது. 'அரசியலற்றது' என்பது வெறும் ஏமாற்று மட்டுமல்ல, சமயங்களில் அது ஒரு தந்திரோபாயம். 1985இல் எல் சால்வடோரில் அரசும் கெரில்லாக்களும் குழந்தைகளுக்குத் தடுப்பூசி போடுவதற்காகச் சில நாட்கள் சண்டையை நிறுத்தினார்கள். யூனிசெஃபும் திருச்சபையும் நடுவில் நின்றன. 1989இல் சூடானில், அரசுப் பகுதி, கிளர்ச்சியாளர் பகுதி இரண்டுக்குமே உணவு போக வழிசெய்த 'ஆபரேஷன் லைஃப்லைன்' ஏற்பாடு வந்தது. தன் கட்டுப்பாட்டில் இல்லாத மண்ணுக்கு நிவாரணம் போவதை ஓர் அரசு ஒத்துக்கொள்வது சாதாரணமல்ல. ஹெப்பர்ன் அந்த ஏப்ரலில் சூடான் போனது இதன் பின்னணியில்தான். 'எங்களுக்கு அரசியல் இல்லை' என்ற வாக்கியம் அங்கே லாரிகளைச் சோதனைச் சாவடி தாண்ட வைத்தது. இந்த வாக்கியம் இல்லாமல் அந்த லாரி போயிருக்காது.

யூனிசெஃபின் தலைவராக அன்றிருந்த ஜேம்ஸ் கிராண்ட், உப்பு-சர்க்கரைக் கரைசல், தடுப்பூசி, தாய்ப்பால், வளர்ச்சி கண்காணிப்பு என்று நான்கு மலிவான காரியங்களைப் பிடித்துக்கொண்டார். இது நோய்க்கு வேரான வறுமையைத் தொடாத ஒட்டுப்போடும் வேலை என்று இடதுசாரி மருத்துவர்கள் விமர்சித்தார்கள். விமர்சனம் சரியானது. ஆனால் இதே யூனிசெஃப்தான் 1987இல், சர்வதேச நிதியத்தின் கட்டமைப்புச் சீர்திருத்தம் குழந்தைகளின் உடம்பில் என்ன செய்கிறது என்று விரிவான ஆய்வை வெளியிட்டது. உலகில் ஐந்து வயதுக்குள் இறக்கும் குழந்தைகளின் எண்ணிக்கை 1990இல் சுமார் 1 கோடியே 28 லட்சம். 2022இல் 49 லட்சம். இந்த வித்தியாசத்தில் ஒரு பங்காவது அந்த ஒட்டுப்போடும் வேலையினுடையது. கட்டுடைப்பு இந்த எண்ணுக்கு முன்னால் கொஞ்சம் பணிவாக நிற்பது நல்லது.

7

சோமாலியா இந்த இரண்டு பக்கமும் முட்டிக்கொண்ட இடம். சியாத் பாரேக்கு முதலில் சோவியத்தும் பிறகு அமெரிக்காவும் ஆயுதம் கொடுத்தன. 1991 ஜனவரியில் அவர் ஆட்சி வீழ்ந்தது. ஜூபா, ஷபெல்லே ஆறுகளுக்கு இடைப்பட்ட விவசாயிகளின் தானியக் குழிகளை ஆயுதக் குழுக்கள் கொள்ளையடித்தன. வறட்சியும் சேர்ந்துகொண்டது. 1992 செப்டம்பரில் ஹெப்பர்ன் அங்கே போனார். பிறகு ஊர் ஊராகப் பத்திரிகையாளர் கூட்டம். உலகம் பார்த்தது, ஏதாவது செய்தாக வேண்டும் என்றது. டிசம்பர் 9இல் அமெரிக்கக் கடற்படை வீரர்கள் மொகடிஷு கடற்கரையில் இறங்கினார்கள். தொலைக்காட்சிக் காமிராக்கள் முன்கூட்டியே வந்து காத்திருந்தன. இந்தப் படையிறக்கத்தைப் பகிரங்கமாக எதிர்த்த ரகியா ஒமார் என்கிற சோமாலிப் பெண், தான் இயக்குநராக இருந்த மனித உரிமை அமைப்பிலிருந்து நீக்கப்பட்டார். 1993 அக்டோபர் மொகடிஷு சண்டையில் இறந்த அமெரிக்க வீரர்கள் 18 பேர் என்று உலகத்துக்கே தெரியும். இறந்த சோமாலியர்கள் 'நூற்றுக்கணக்கில்'. ஒரு பக்கம் எண், ஒரு பக்கம் தோராயம்.

இதற்கு ஹெப்பர்னைப் பொறுப்பாக்குவது அபத்தம். அவர் கேட்டது உணவும் மருந்தும். ஆனால் ஒரு பிம்பம் புழக்கத்துக்கு வந்தபிறகு, அதை எடுத்து யார் எதற்குப் பயன்படுத்துவார்கள் என்பது பிம்பத்துக்குரியவர் கையில் இல்லை. காரணங்கள் கழிக்கப்பட்ட துன்பம், எந்தத் தீர்வோடும் ஒட்டிக்கொள்ளும். லாரியோடும் ஒட்டும், ராணுவத்தோடும் ஒட்டும்.

'ரோமன் ஹாலிடே'யின் கடைசிக் காட்சி ஒரு பத்திரிகையாளர் கூட்டம் என்பதை இங்கே நினைவுபடுத்த விரும்புகிறேன். இளவரசி வரிசையாக நிற்கும் நிருபர்களுக்குக் கைகொடுத்துக்கொண்டே வருகிறாள். அவளுக்குத் தெரியாமல் எடுக்கப்பட்ட படங்கள், விற்றிருந்தால் பெரும்பணம் கிடைத்திருக்கும் படங்கள், ஓர் உறையில் அவள் கையிலேயே திருப்பித் தரப்படுகின்றன. ஒருவருடைய படத்தின் உரிமை அவருக்கே என்று சொல்லி முடிகிற படம் அது. அந்த நாகரிகம் இளவரசிக்குக் கிடைத்தது. மெகெல்லேயிலும் சோமாலியாவிலும் ஹெப்பர்னின் மடியில் இருந்த குழந்தைகளின் படங்கள் ஆயிரக்கணக்கில் அச்சாகியிருக்கின்றன. படத்தின் கீழே ஒரு பெயர்தான் இருக்கும், அது நடிகையின் பெயர். குழந்தை 'ஒரு எத்தியோப்பியக் குழந்தை', 'ஒரு சோமாலிக் குழந்தை'. இது யூனிசெஃபின் குறை மட்டுமல்ல. இயக்கங்களின் சுவரொட்டிகளிலும் சிறுபத்திரிகை அட்டைகளிலும் பெயரில்லாத உடல்கள் எத்தனை என்று எண்ணிப் பார்க்கலாம்.

நட்சத்திரங்கள் போவதை நிறுத்த வேண்டும் என்பதல்ல என் வாதம். 2001இலிருந்து 2022 வரை ஏஞ்சலினா ஜோலி அகதிகள் ஆணையத்துக்காகப் போனார், இனியும் யாராவது போவார்கள், போகட்டும். ஆனால் 2020இல் திக்ரேயில் மறுபடியும் போர், மறுபடியும் பட்டினி. 2023இல் சூடானில் போர், 2024இல் அங்கே பஞ்சம் என்று அறிவிப்பு. ஹெப்பர்ன் சுற்றிய வரைபடம்தான், ஊர்ப் பெயர்கள்கூட மாறவில்லை. அங்கிருந்து அடுத்த படம் வரும்போது நாம் கேட்க வேண்டியவை எளிய கேள்விகள்: இந்தக் குழந்தையின் பெயர் என்ன? இந்த ஊருக்கு உணவு வரும் சாலையை மறித்தது யார்? இந்தப் படம் எடுக்கப்பட்டதற்கு அடுத்த மாதம் இங்கே என்ன நடந்தது? இந்தக் கேள்விகளுக்குப் பதில் தேடுவதற்கு அழகான முகம் வேண்டியதில்லை. அபிமானம்கூட அவ்வளவாக வேண்டியதில்லை. தேதியும் இடமும் பெயரும் வேண்டும்.